ஜட்ஜ் இலங்கைநாயகம் அமராத நாட்கள்

சிவமயம்
மானிப்பாய்
3.3.2025

அன்பு மருமகன் தர்சிகனுக்கு,

நானும் மாமியும் இருக்கிறோம். மாமிக்கு முழங்கால் நோ கூடிவிட்டது. எனக்கு இடது காது முற்றாகப் போய்விட்டது, வலது காது பரவாயில்லை. நீர் நேரத்துக்குச் சாப்பிடுகிறீரா என்று முதல் வரியிலேயே கேட்கச் சொன்னா மாமி. இது மூன்றாவது வரியாகிவிட்டது. அவவுக்குச் சொல்ல வேண்டாம்.

போன் இருக்கக் கடிதம் எதற்கு என்று நினைப்பீர். போனில் மாமி அழுகிறா. நீர் பேசாமல் இருக்கிறீர். நடுவில் நான் ஒரு செவிடன். மேனுஷா மாதம் ஒரு கடிதம் தபாலில் போடுவாள். “அப்பா, இமெயில் அனுப்பினால் நீங்கள் வாசிக்கமாட்டியள். கடிதமெண்டால் நம்பர் போட்டு ஃபைலில வைப்பியள்” என்பாள். முப்பத்தொரு வருடம் நீதிமன்றப் பதிவாளராக இருந்தவனை அவளுக்குத் தெரியும். அவளுடைய கடைசிக் கடிதம் நம்பர் 64. உம்முடையதற்கு 65 என்று எழுதி வைத்திருக்கிறேன்.

ஆவணியில் அவள் போய் ஒரு வருடம் நிறைகிற ஆட்டைத்திவசம் வருகிறது. அன்றைக்கு நினைவுமலர் கொடுக்க வேண்டும். என் பூட்டனார் ஜட்ஜ் இலங்கைநாயகத்தின் சரித்திரத்தை அவள் பாதி எழுதி வைத்திருந்தாள் அல்லவா? லண்டனில் சட்டம் படித்து, அட்வகேட் ஆகி, சட்டசபைக்குப் போய், கடைசியில் நீதவானாக இருந்து கண்மூடிய மனிதர். அந்தப் பகுதியை மலரில் போடுவோம். கணவன் என்ற முறையில் மேனுஷாவைப் பற்றி ஒரு பக்கம் நீர் எழுத வேண்டும்.

இன்னொன்று. மாதாமாதம் செய்கிற மாசியங்களை முப்பத்தோராம் நாள் அந்தியேட்டியோடேயே செய்து முடித்தபடியால் திதி பார்க்க வேண்டி வரவில்லை. இப்போது ஐயர் பஞ்சாங்கம் பார்த்துச் சொல்கிறார், அவள் கண்மூடிய அன்று லண்டன் நேரம் பின்னேரம் நாலு மணி பதினொரு நிமிடம் வரை ஏகாதசியாம், பிறகு துவாதசியாம். அந்நாட்டு மரணச் சான்றிதழில் திகதி இருக்கிறது, நேரம் இல்லை. அன்று நீர் “அஞ்சு மணி இருக்கும்” என்றீர். இருக்கும் என்றால் ஐயர் ஏற்கமாட்டார். சரியான நேரத்தை எழுதும்.

உம்முடைய நலத்தையே நினைக்கும்
மாமா செல்வரத்தினம்

•

நோர்பரி
29.3.2025

அன்புள்ள மாமாவுக்கும் மாமிக்கும்,

நான் சுகமா இருக்கிறன். மாமியின்ர முழங்காலுக்கு இங்க ஒரு பூச்சு மருந்து இருக்கு, ஆரும் ஊருக்கு வந்தால் குடுத்து விடுறன். எனக்கு உங்களை மாதிரி எழுத வராது. கதைக்கிற மாதிரித்தான் எழுதுவன்.

சாப்பாடு பரவாயில்லை, கடையில எடுக்கிறன். மேனுஷா சமைச்ச மீன்குழம்பு ஒரு ஐஸ்கிறீம் பெட்டியில பிரீசரில கிடக்கு. மூடியில அவவின்ர கையால 12/9 எண்டு எழுதியிருக்கு. அதை எடுக்கேல்ல.

ஆட்டைத்திவசத்துக்கு எல்லாம் ஒழுங்கு பண்ணியிட்டன். செப்டம்பர் 14ஆம் திகதி ஷிப்டை மாத்தி எடுத்து, வெஸ்ட் ஈலிங் கோயிலிலயும் சொல்லி வச்சிருக்கிறன்.

அவவின்ர லப்டொப்பைத் திறந்தன். பாஸ்வேர்ட் ஜட்ஜின்ர பேர்தான். உங்கட வீட்டுப் பெட்டகத்தில இருந்த அவரின்ர கோர்ட்டுக் குறிப்புப் புத்தகம் பதின்மூண்டையும் போன முறை வரேக்க படம் பிடிச்சவவெல்லோ? 1884 தொடக்கம் 1896 வரை ஒவ்வொரு நாளையும் ஒரு அட்டவணையில போட்டு வச்சிருக்கிறா. ஞாயிறு சாம்பல் நிறம். காய்ச்சல் எண்டு அவர் எழுதின நாள் மஞ்சள். வெள்ளம் எண்டால் நீலம். சில நாளுக்கு மட்டும் சிவப்பு. அந்த நாளில ஜட்ஜ் “இன்று அமரவில்லை” எண்டு மட்டும் எழுதியிருக்கிறார். காரணம் இல்லை. வருசத்துக்கு ரெண்டு சிவப்பு. ரெண்டுக்கும் பக்கத்தில மேனுஷா ஒவ்வொரு கேள்விக்குறி போட்டிருக்கிறா.

முதலாவது சிவப்பு 1884இல மார்ச் 10. அடுத்த வருசம் பெப்ரவரி 27. பிறகு பெப்ரவரி 16. 1887இல திரும்ப மார்ச் 7. நான் லிஃப்ட் திருத்திறவன், எனக்குச் சட்டமும் தெரியாது சரித்திரமும் தெரியாது. ஆனா ஒரு மெஷின் வருசத்தில ரெண்டு தரம் தானா நிக்குதெண்டால் அதுக்குக் காரணம் இருக்கும். திகதி ஏன் முன்னுக்குப் பின்னுக்கு ஓடுது எண்டுதான் விளங்கேல்ல.

“எங்கட கிழவர் கள்ளன், எங்கயோ உலாத்தப் போயிருக்கிறார்” எண்டு மேனுஷா சொல்லிச் சிரிப்பா.

உடம்பைப் பாருங்கோ.
தர்சிகன்

•

சிவமயம்
மானிப்பாய்
20.4.2025

அன்பு மருமகனுக்கு,

உம்முடைய கடிதம் கண்டு நாமிருவரும் ஆறுதலடைந்தோம். வருடப்பிறப்பு வந்து போனது. நாங்கள் இம்முறை கொண்டாடவில்லை என்பது உமக்குத் தெரிந்ததே. மீன்குழம்புப் பகுதியை மாமிக்கு வாசிக்காமல் தாண்டினேன். அவ கடிதத்தை வாங்கித் தானே வாசித்துவிட்டா.

தம்பி, செப்டம்பர் 14 என்று ஷிப்ட் மாற்றியிருக்கிறீர். அது பிறந்தநாளுக்குச் சரி. திவசம் திகதிக்கு வராது, திதிக்கு வரும். இந்த வருடம் ஏகாதசியென்றால் செப்டம்பர் 3, துவாதசியென்றால் 4. கோயிலில் சொல்லி மாற்றும்.

உம்முடைய பிழையே எனக்கு உதவியது. அதைப் பற்றி எழுதிக்கொண்டிருக்கும்போதுதான் ஜட்ஜின் திகதிகளும் ஏன் ஓடுகின்றன என்று பொறி தட்டியது. பதினொரு நாள் பின்னால் போகிறது, பிறகு பத்தொன்பது நாள் முன்னால் வருகிறது. பழைய பஞ்சாங்கம் வைத்திருக்கும் ஒருவரிடம் இரண்டு வருடத்தைப் பார்த்தேன். இரண்டும் மாசி மாதம் வளர்பிறைத் திரயோதசி. ஜட்ஜ் உலாத்தப் போகவில்லை. திவசம் செய்திருக்கிறார்.

யாருக்கு என்று கேட்பீர். அவர் லண்டனில் படித்துக்கொண்டிருந்தபோது இங்கே முதல் மனைவி இறந்துவிட்டா என்று என் அப்பு ஒருமுறை சொன்ன ஞாபகம். பிள்ளை இல்லை. நாங்களெல்லாம் இரண்டாம் தாரத்தின் வழி. அதனால் எங்கள் வம்சாவளியில் அந்த அம்மாவுக்கு இடமில்லை. பெயரும் எவருக்கும் தெரியாது.

மேனுஷா இருந்திருந்தால் இன்றைக்கே போன் எடுத்திருப்பாள்.

நேரத்தை நீர் எழுத மறந்துவிட்டீர்.

என்றும் உம்மில் அன்புள்ள
மாமா

•

நோர்பரி
11.5.2025

அன்புள்ள மாமா,

எனக்கு ஒரு குறையுமில்லை. மாமி இப்ப நடக்கிறாவோ? இங்க வெயில் வந்திட்டுது, சனம் எல்லாம் பார்க்கில.

உங்கட கடிதம் வந்த சனிக்கிழமையே இருந்து ஒரு புரோகிராம் எழுதினன். எந்த வருசம் எந்த ஊர் எண்டு குடுத்தால் திதி சொல்லும். பதின்மூண்டு வருசத்தையும் போட்டுப் பாத்தன். பதின்மூண்டும் மாசித் திரயோதசி. ஒண்டு கூடத் தப்பேல்ல. மேனுஷாவின்ர கேள்விக்குறியில ஒண்டை அழிச்சன்.

ஆனா ரெண்டாவது சிவப்பு கிடக்கு. அதையும் போட்டன். அது சித்திரை வளர்பிறைச் சதுர்த்தி. அதுவும் பதின்மூண்டு வருசமும் தப்பேல்ல. ஒரு மனுசி ரெண்டு தரம் சாகிறேல்லத்தானே மாமா. தாய் தேப்பன் ஆரும் அந்தத் திதியோ?

போன கிழமை மேனுஷாவின்ர இமெயிலுக்கு ஒரு நூலகத்தில இருந்து கடிதம் வந்தது. ஜட்ஜ் லண்டனில படிச்ச காலத்து டயறி ஒண்டு அவையிட்ட இருக்காம். அவ அதைப் பாக்க போன செப்டம்பர் 17க்கு நேரம் எடுத்திருக்கிறா. வரேல்ல எண்டபடியால் இன்னும் வேணுமோ எண்டு கேட்டிருக்கினம். அவ வரமாட்டா, நான் வாறன் எண்டு பதில் போட்டன். ஏன் எண்டு அவை கேக்கேல்ல.

புரோகிராமுக்கு இப்ப எந்த நாளைக் குடுத்தாலும் திதி சொல்லும். நல்லா வேலை செய்யுது.

மாமியைக் கேட்டதாச் சொல்லுங்கோ.
தர்சிகன்

•

சிவமயம்
மானிப்பாய்
1.6.2025

அன்பு மருமகனுக்கு,

இங்கே நாம் நலக்குறைவின்றி இருக்கிறோம். மாமி வீட்டு வளவுக்குள் நடக்கிறா. சித்திரைச் சதுர்த்தியில் எங்கள் பக்கம் எவருடைய திதியும் இல்லை.

நேரடியாகவே எழுதுகிறேன். நூற்றைம்பது வருடத்துப் பஞ்சாங்கத்தையே திருப்பிவிட்டீர், நான் கேட்ட ஒரு மணிக்கூட்டு நேரம் இன்னும் வரவில்லை. நீதிமன்றத்தில் இப்படி ஒரு சாட்சி கேட்டதை விட்டுக் கேளாததைச் சொல்லிக்கொண்டிருந்தால் ஜட்ஜ் பேனையை வைத்துவிட்டுப் பார்ப்பார். நான் பேனையை வைக்கவில்லை, கோபமும் இல்லை.

நீர் அன்று சொன்னபடி ஐந்து மணியென்றால் துவாதசி. அதையே வைத்துக்கொள்ளலாம் என்றேன். மாமி ஒத்துக்கொள்ளவில்லை. “பிழையான நாளில படைச்சால் பிள்ளைக்குப் போய்ச் சேருமே? அவர் பக்கத்தில இருந்தவர்தானே. யோசிச்சுச் சொல்லட்டும்” என்கிறா. அவவின் மனதில் இருப்பது அது ஒன்றுதான். மகள் ஒரு வருடம் கழித்து வரும்போது வாசலில் எவரும் இல்லாமல் போய்விடக்கூடாது.

அச்சக டினேஷ் ஓகஸ்ட் 10க்கு மேல் ஏலாது என்கிறான். மேனுஷாவைப் பற்றிய உம்முடைய பக்கமும் வரவில்லை.

உம்மைக் கரைச்சல்படுத்துவதாக நினைக்க வேண்டாம்.
மாமா

•

நோர்பரி
24.6.2025

அன்புள்ள மாமா, மாமி,

நீங்கள் ரெண்டு பேரும் சுகம் எண்டு நம்புறன். எனக்கு ஒண்டுமில்லை.

நேற்று அந்த நூலகத்துக்குப் போனன். பையை வெளியில வைக்கச் சொல்லிச்சினம், பேனையும் கூடாதாம், பென்சில் தந்தவை. மேனுஷாவின்ர பேர் எழுதின துண்டு ஒண்டு டயறிக்குள்ள இன்னும் செருகிக் கிடந்தது. பத்து மாசமா எடுத்து வச்சிருந்திருக்கினம்.

சின்னப் புத்தகம், என்ர போன் அளவுதான். 1863. முதலில சித்திரைச் சதுர்த்தியைப் பாத்தன். அது ஏப்ரல் 21. அவர் இங்கிலீஷிலதான் எழுதியிருக்கிறார், நான் தமிழில எழுதுறன்.

“தபால் வந்தது. மாசித் திரயோதசியன்று என் நாகமுத்து போய்விட்டாளாம். இன்றைக்கு ஐம்பது நாள். அன்றைக்கு நான் என்ன செய்துகொண்டிருந்தேன் என்று இதே புத்தகத்தில் திருப்பிப் பார்த்தேன்.”

அவ்வளவுதான். நானும் திருப்பிப் பாத்தன். மார்ச் 2. “நண்பர்களோடு நாடகம். வயிறு நோகச் சிரித்தேன்” எண்டு கிடக்கு. அதை அவர் வெட்டேல்ல மாமா. பக்கத்தில ஒண்டும் எழுதவுமில்லை.

இடையில உள்ள ஐம்பது நாளையும் ஒவ்வொரு பக்கமா வாசிச்சன். ஏழு இடத்தில “நாகமுத்துவுக்குக் கடிதம்” எண்டு எழுதியிருக்கிறார். ஏழு கடிதம். அதுகள் மானிப்பாய்க்குப் போய்ச் சேரேக்க அவ இல்லை.

அதுதான் ரெண்டாவது சிவப்பு. ஒண்டு அவ செத்த நாள். மற்றது அவருக்குத் தெரிஞ்ச நாள். ஜட்ஜ் ரெண்டையும் வச்சிருக்கிறார்.

மேனுஷாவின்ர ரெண்டாவது கேள்விக்குறியையும் அழிச்சிட்டன். அவவின்ர அட்டவணையில இப்ப ஒரு கேள்வியும் இல்லை.

தர்சிகன்

•

சிவமயம்
மானிப்பாய்
13.7.2025

அன்பு மருமகனுக்கு,

நாம் இருக்கிறோம். நல்லூர்க் கொடியேற்றம் வருகிறது, தெருவெல்லாம் துப்புரவு செய்கிறார்கள்.

கடிதத்தை மாமிக்கு வாசித்தேன். பிறகு “ஏழு கடிதத்தையும் ஆர் பிரிச்சிருப்பினம்?” என்று கேட்டா.

மலரில் போடும் வம்சாவளிப் படத்தில் ஜட்ஜின் பெட்டிக்குப் பக்கத்தில் ஒரு பெட்டி கீறி நாகமுத்து என்று எழுதச் சொல்லிவிட்டேன். “கீழ கோடு இல்லாமல் பெட்டி தனிய நிக்குமே ஐயா” என்றான் டினேஷ். மேனுஷாவின் பெட்டிக்குக் கீழும் கோடு இல்லை. நிற்கட்டும் என்றேன்.

நான் இனி நேரம் கேட்கமாட்டேன்.

மாமா

•

நோர்பரி
15.7.2025

அன்புள்ள மாமா,

உங்கட பதில் இன்னும் வரேல்ல. வர முதல் இதை எழுதிப் போடோணும், இல்லாட்டி திரும்பவும் ஜட்ஜைப் பற்றி எழுதிப்போடுவன். இந்த முறை சுகம் விசாரிக்கேல்ல, மன்னியுங்கோ.

மேனுஷா செத்தது மூண்டு மணி முப்பத்தஞ்சு நிமிசத்துக்கு. ஏகாதசி. நான் பக்கத்தில இருக்கேல்ல.

அண்டைக்குச் சனிக்கிழமை. அப்டன் பார்க்கில ஒரு கவுன்சில் மாடிக்கட்டடத்தில லிஃப்ட் நிண்டிட்டுது. நானும் என்னோட வேலை செய்யிற சுஜீத்தும் போனனாங்கள். லிஃப்டுக் குழிக்குள்ள இறங்கேக்க போன் கொண்டு போறேல்ல, வான் வண்டியில வச்சிட்டுத்தான் இறங்கிறது. ரெண்டு இருவதுக்கு மேனுஷா குசினியில சமைச்சுக்கொண்டு நிக்கேக்க விழுந்திருக்கிறா. பக்கத்து வீட்டு டொலறஸ் அன்ரிதான் அம்புலன்சுக்கு அடிச்சு, கூடப் போனவ. நான் வேலை முடிச்சு, சாமான் எல்லாம் கட்டி, வண்டிக்கு வந்து போனைப் பாக்கேக்க நாலே கால். பதினொரு மிஸ்ட் கோல். அன்ரிக்கு எடுத்தன். “வாங்கோ தம்பி” எண்டு மட்டும் சொன்னவ. போய்ச் சேரேக்க அஞ்சு மணி அஞ்சு நிமிசம்.

பிறகு உங்களுக்கு எடுத்தன். மாமி கேட்ட முதல் கேள்வி, “நீர் பக்கத்தில இருந்தனீரோ?” ஓம் எண்டன். அடுத்ததா எத்தினை மணிக்கு எண்டா. அஞ்சு எண்டன். வேற நேரம் சொன்னால் முதல் சொன்னது பொய்யாப்போகும். அன்ரியையும் ஒருத்தருக்கும் சொல்லவேண்டாம் எண்டு கேட்டன்.

கையைப் பிடிச்சது உண்மை மாமா. ஆனா கை குளிர்ந்து போச்சு.

எங்கட வேலையில முடிச்ச உடன கொம்பனி ரப்லெட்டில ஒரு சீட் நிரப்பிறது. நேரத்தை அதுவே பதியும். அந்தச் சீட்டை ஜட்ஜின்ர டயறியைப் பாத்த அண்டு பின்னேரம்தான் தேடி எடுத்தன். 14.9.2024, நேரம் 15.35. “லிஃப்ட் சரி. ஆட்கள் பாவிக்கலாம்.” கீழ என்ர கையெழுத்து. சீட் நிரப்பேக்க சுஜீத் ஏதோ பகிடி விட்டவன். நானும் சிரிச்சனான்.

நீங்கள் கேட்ட நேரத்தை நாலு மாசமாத் தராம இருந்ததுக்கு வேற காரணம் இல்லை. மாமிக்கு நீங்கள்தான் சொல்லோணும். என்னால ஏலாது.

தர்சிகன்

•

சிவமயம்
மானிப்பாய்
5.8.2025

என் அன்பு மருமகனுக்கு,

உம்முடைய கடிதம் நம்பர் 68 நேற்று வந்தது. மாமிக்கு வாசித்தேன். தாண்டாமல் வாசித்தேன்.

மாமி எழும்பிப் போய்ச் சாமியறை விளக்கைக் கொளுத்திவிட்டு வந்தா. “அப்ப ஏகாதசி” என்றா. பிறகு, “கேட்ட கேள்வி பிழை. ஓம் எண்டதைத் தவிர அந்தப் பிள்ளை என்னத்தைச் சொல்லும்?” என்றா. இதை அப்படியே எழுதச் சொன்னா.

நான் என் பங்கைச் சொல்கிறேன். அங்கே மூன்று முப்பத்தைந்து என்றால் இங்கே எட்டு மணி ஐந்து நிமிடம். அந்த நேரம் நாங்கள் ரிவியில் நாடகம் பார்த்துக்கொண்டிருந்தோம். ஒருவன் வாழைப்பழத் தோலில் வழுக்கி விழுந்தான், நாங்கள் இரண்டு பேரும் சிரித்தோம். உம்முடைய போன் வரப் பத்து மணி ஆகிவிட்டது. இடையில் மாமி, “நாளைக்கு ஞாயிறு, மேனுஷா எடுப்பா” என்று சொல்லிக்கொண்டே படுக்கை விரித்தா. பதிவாளனுக்கு ஞாபகம் ஒரு நோய், தம்பி. உம்மிடம் இத்தனை தரம் நேரம் கேட்டேனே, அதில் பாதி, எங்களுக்குத் தெரியாமலிருந்த நேரம் எவ்வளவு என்று எண்ணிப் பார்க்கத்தான்.

முடிவு இதுதான். செப்டம்பர் 3 ஏகாதசி, இங்கே வீட்டில் செய்வோம். அன்று நீரும் கோயிலுக்குப் போம். 4 துவாதசி உம்முடைய நாள். அதில் எங்களுக்கு வேலையில்லை. எப்படிச் செய்வதென்று ஜட்ஜைக் கேளும்.

டினேஷிடம் மலரின் முதற்பக்கத்தை இப்படிக் கொடுத்திருக்கிறேன்:

“மறைவு: பிற்பகல் 3.35. கணவர் வந்து சேர்ந்தது: 5.05.”

“ரெண்டு நேரம் ஒருத்தரும் போடுறேல்ல ஐயா” என்றான். போடும் என்றேன்.

உம்முடைய பக்கம் இல்லாமலே மலர் போகிறது. அவசரமில்லை. ஃபைலில் இடம் இருக்கிறது.

சாப்பிடும்.
மாமாவும் மாமியும்

•

நோர்பரி
4.9.2025

அன்புள்ள மாமாவுக்கும் மாமிக்கும்,

உங்கட காது, மாமியின்ர முழங்கால் எல்லாம் எப்பிடி? நேற்று நிறையப் பேர் வந்திருப்பினம், மாமி களைச்சுப் போயிருப்பா. நான் காலமை கோயிலுக்குப் போய் எல்லாம் ஒழுங்காச் செய்தனான்.

இண்டைக்கு வீட்டில நிக்கிறன். லீவுப் படிவத்தில நேற்றைய நாளுக்கு “மனைவியின் திவசம்” எண்டு எழுதினன். இண்டைக்குக் காரணம் கேட்ட இடத்தை வெறுமையா விட்டன். “ஏன்ரா ரெண்டு நாள்?” எண்டு சுஜீத் கேட்டவன். சொன்னன். அவன் அந்தப் பகிடியை மறந்தே போனான்.

அஞ்சு மணி அஞ்சு நிமிசத்துக்கு டொலறஸ் அன்ரி வந்து கதவைத் தட்டினவ. இண்டைய நாள் ஏனெண்டு நேற்றுச் சொன்னனான், நேரம் சொல்லேல்ல, அவவுக்கும் அந்த நேரம் ஞாபகம். தேத்தண்ணி போட்டுக் குடுத்தன். அண்டைக்கு அம்புலன்சில மேனுஷா என்ன கதைச்சவ எண்டு முதல்தரம் கேட்டன். “தம்பிக்குச் சாப்பாடு அடுப்பில இருக்கெண்டு சொல்லுங்கோ” எண்டவவாம். மாமியிட்டச் சொல்லுங்கோ, அந்த ஐஸ்கிறீம் பெட்டி இன்னும் பிரீசரில கிடக்கு.

மேனுஷாவைப் பற்றி நீங்கள் கேட்ட பக்கத்தை இண்டைக்குத் தொடங்கினன். மலருக்குப் பிந்தியிட்டுது, ஃபைலில வையுங்கோ. இவ்வளவுதான் எழுதியிருக்கிறன்:

மேனுஷாவுக்கு லிஃப்டில ஏறப் பயம். கலியாணம் கட்டின புதுசில நாங்கள் இருந்தது நாலாம் மாடி. நான் திருத்தின லிஃப்டிலயும் ஏறமாட்டா, சாமான் பையோட படியிலதான் வருவா. “நீங்கள் திருத்தினதெண்டபடியால்தான் பயம்” எண்டு சனத்துக்கு முன்னால சொல்லுவா. ஒரே ஒரு நாள், கால் சுளுக்கினபடியால், கண்ணை மூடிக்கொண்டு என்ர கையைப் பிடிச்சு ஏறினவ. நாலு மாடியும் விடேல்ல. நல்ல சூடான கை.

தர்சிகன்